படத்துப் பிள்ளை

கடல் இப்போது இருக்கும் இடத்துக்குச் சற்று வெளியே இருந்த காலத்தில், உப்புக்கும் கருவாட்டுக்கும் பேர்போன புன்னைத்துறை என்ற ஊரில் மருதாயி என்று ஒருத்தி இருந்தாள். அவளுக்குக் காத்தமுத்து என்று ஒரு புருஷன் உண்டு, உப்பளத்தில் வேலை உண்டு, மழைக்கு அதிகம் ஒழுகாத ஒரு குடிசை உண்டு, பெற்ற பிள்ளைகள் இரண்டும் உலகத்தை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போதும் என்று போய்விட்ட துக்கமும் உண்டு. இத்தனையோடு, எதையும் கிட்டத்தில் போய்ப் பார்த்துவிட வேண்டும் என்கிற ஒரு குணமும் அவளிடம் இருந்தது. கரையில் திமிங்கிலம் ஒதுங்கியபோது ஊரே எட்ட நிற்க, அதன் வாய்க்குள் குனிந்து பார்த்துவிட்டு வந்து, "உள்ள ஒண்ணுமில்ல, இருட்டாத்தான் இருக்கு" என்று சொன்னவள் அவள்தான்.

ஆகையால் ஒல்லாந்துக்காரர் கோட்டையிலிருந்து யாகோப் துரை என்பவர், மூன்று கால் மரச்சட்டமும் கித்தான் துணியும் பன்றியின் நீர்ப்பையில் கட்டிய வண்ணங்களுமாக வந்து கடற்கரையில் பந்தல் போட்டு உட்கார்ந்தபோது, ஊரார் கதவைச் சாத்திக்கொள்ள, மருதாயி மட்டும் தலையில் உப்புக்கூடையோடு போய் அவருக்குப் பின்னால் நின்றாள்.

துரை படம் எழுதுகிறவர். கடலுக்கு இந்தப் பக்கம் தங்களுக்கு எப்படிப்பட்ட ஊர் கிடைத்திருக்கிறது, அதில் எப்படிப்பட்ட மனிதர்கள் நடமாடுகிறார்கள் என்று சொந்த ஊர் எசமானர்களுக்குக் காட்டுவதற்காகக் கோட்டைத் தலைவர் அவரை அனுப்பியிருந்தார். எதிரே வந்து நிற்க ஆள் வேண்டும் என்று, துரையின் பேச்சைத் தமிழில் சொல்லும் துபாசி வரதப்பன் வீடு வீடாகப் போய்க் கேட்டார். உருவத்தை எழுதினால் ஆயுசு குறையும் என்று ஒருவரும் வரவில்லை.

"குறையட்டும் துபாசி ஐயா, நெறஞ்சா கெடக்கு எங்கிட்ட?" என்றாள் மருதாயி. "ஆனா அவரு எழுதுறதை நான் பாக்கணும். அதுக்குச் சம்மதம்னா நிக்கிறேன்."

அவள் நின்றாள், உட்கார்ந்தாள், கையைத் தூக்கச் சொன்னால் தூக்கினாள். வேறு ஆள் இல்லாததால் ஊரில் இருக்கிற பெண்களையெல்லாம் துரை அவள் ஒருத்தியைப் பார்த்தே எழுதினார்; அதில் அவருக்கு ஒரு சங்கடமும் இருந்ததாகத் தெரியவில்லை. ஓய்வு கிடைத்தபோதெல்லாம் அவள் சட்டத்தின் முன்பக்கம் போய்ப் பார்த்தாள். தென்னை மரங்கள் துடைப்பத்தைத் தலைகீழாக நட்டுவைத்த மாதிரி நின்றன. உப்பளத்துக்கு அப்பால், யாரும் கட்டாத ஒரு கோயிலின் உடைந்த கல்தூண்கள் கிடந்தன.

"இந்தத் தூணு எங்க இருக்கு?"

வரதப்பன் துரையைக் கேட்டுச் சொன்னார். "அது அழகுக்கு."

"எங்க குடிசையெல்லாம்?"

"அதை எடுத்ததும் அழகுக்குத்தான்."

"இறகைக் கட்டிக்கிட்டு நிக்கிறாளே, அவ யாரு?"

வரதப்பனுக்கே அது புதிதாக இருந்தது. துரையோடு கொஞ்ச நேரம் பேசிவிட்டுத் திரும்பினார். "இந்தியாவில சனங்க இடுப்புல இறகு கட்டுவாங்கன்னு அவங்க ஊர்ப் புத்தகத்துல போட்டிருக்காம். எந்த இந்தியான்னு கேட்டேன். கடலுக்கு அந்தப் பக்கம் ஒண்ணு, இந்தப் பக்கம் ஒண்ணு இருக்காம். ரெண்டுல ஒண்ணுல கட்டுறாங்களாம்."

எல்லாம் முடிந்தபின் துரை மெல்லிய தூரிகை ஒன்றை எடுத்து, படத்தில் இருந்த எல்லோருக்கும் கண்ணில் கருமணி வைத்தார். அந்தப் பக்கத்தில் ஒரு சிலைக்குக் கண் திறப்பதென்றால் நாள் பார்த்து, கண்ணாடி காட்டி, எதிரே கன்றும் பசுவும் நிறுத்தித்தான் திறப்பார்கள். துரை எதையும் பார்க்கவில்லை. கருவாட்டு வாடை தாங்காமல் ஒரு கையால் மூக்கைப் பிடித்துக்கொண்டு, மற்றக் கையால் அத்தனை கண்களையும் திறந்துவைத்துவிட்டுக் கோட்டைக்குப் போய்விட்டார். மறுநாள் காலையில் படத்தில் இருந்தவர்கள் ஊரில் இருந்தார்கள்.

குளத்தங்கரையில் ஒரு மருதாயி தோளில் குடத்தோடு நின்றாள். கடற்கரை மேட்டில் ஒரு மருதாயி வலது கையை நீட்டிக் கடலைக் காட்டிக்கொண்டு நின்றாள். சந்தைப் பாதையில் ஒரு மருதாயி இடுப்பிலும் தலையிலும் இறகு கட்டிக்கொண்டு நடந்தாள். புன்னைமரத்தடியில், நேற்றுவரை அங்கே இல்லாத ஒரு கல்தூணின் மேல், நீலத்துணி போர்த்திய ஒரு மருதாயி மடியில் பிள்ளையோடு உட்கார்ந்திருந்தாள். தூரத்தில் புள்ளி புள்ளியாக எழுதப்பட்ட ஆண்கள் உப்பளத்தின் கோடியில் நின்றார்கள். அவர்களை நோக்கி எவ்வளவு நடந்தாலும் அவ்வளவு தூரத்திலேயே நின்றார்கள். பொழுது சாயும்வரை நடந்து பார்த்துவிட்டு வந்த காத்தமுத்து, "கிட்டவே வரமாட்டேங்குறாங்க. கடன் கேக்காத சாதி, இருந்துட்டுப் போகட்டும்" என்றான்.

நாள் பார்க்காமல் கண் திறந்தால் எழுந்து நடக்கத்தான் செய்யும் என்று ஊர்ப் பெரியவர்கள் சொன்னார்கள். அதோடு காரணம் பேசுவது முடிந்தது. இனி இவர்களை என்ன செய்வது என்பதுதான் பேச்சாக இருந்தது. கோயில் பொங்கலில் இவர்களுக்குப் பங்கு உண்டா, இவர்கள் தனித்தனிக் குடியா, ஒரே குடியா என்று கூட்டம் போட்டுப் பேசி, முகம் ஒன்றாக இருப்பதால் எல்லோரும் காத்தமுத்து வீட்டுச் சேர்மானம் என்று நாட்டாமை தீர்ப்புச் சொன்னார்.

"ஒருத்திக்கே பதில் சொல்ல முடியாம இருக்கேன், நாட்டாமை" என்றான் காத்தமுத்து.

காத்தமுத்துவின் தங்கை அஞ்சம்மாள், கைக்குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு, மருதாயியைப் பார்த்துச் சிரித்தாள். "ஏன் அண்ணி, இப்ப அஞ்சு பேரா இருக்கீங்க. எங்கிட்ட வாங்கிட்டுப் போன முறத்தை அஞ்சுல எவ திருப்பிக் குடுப்பா?"

வந்தவர்கள் பேசவில்லை, சாப்பிடவில்லை, வேர்க்கவில்லை. முன்னால் வைத்த சோற்றைக் காகம்தான் தின்றது. ஆனாலும் ஊர் அவர்களைப் பழகிக்கொண்டது. குடத்துக்காரி தோளில் குடம் வைத்திருந்தது பெண்களுக்குத் தாங்கவில்லை. "இடுப்புன்னு ஒண்ணு எதுக்குடி இருக்கு?" என்று அவளைக் கேட்டுக் கேட்டு அலுத்தார்கள், பிறகு வயசுப் பெண்கள் தாங்களும் தோளில் வைத்துப் பார்த்து, பாதித் தண்ணீரைக் கொட்டிக்கொண்டு வீட்டில் திட்டு வாங்கினார்கள். இறகுக்காரிக்கு நாலு பேர் சேர்ந்து பழம்புடவை ஒன்றைச் சுற்றிவிட்டார்கள். பொழுது விடிந்தால் புடவையைக் குத்திக்கொண்டு இறகு வெளியே நிற்கும். கைநீட்டி எதைக் காட்டுகிறாள் என்பதுதான் யாருக்கும் விளங்கவில்லை. காட்டுகிறாளே என்று போகிறவர் வருகிறவரெல்லாம் அந்தத் திசையில் ஒரு நிமிஷம் நின்று பார்க்க, அப்படிப் பார்த்ததில் மத்திக்கூட்டம் வருவது மற்ற ஊருக்குத் தெரிவதற்கு முன்பே புன்னைத்துறைக்குத் தெரிந்தது. அந்த வருஷம் வலை காயவே இல்லை. அவளுக்குச் செம்படவர்கள் மாலை போட்டார்கள்.

மருதாயி இவர்களையெல்லாம் ஒவ்வொருத்தியாகப் போய்ப் பார்த்தாள். தன் முதுகு எப்படி இருக்கும் என்று பார்க்கப் பின்பக்கம் போனாள்; பின்பக்கம் கித்தான் நிறத்தில் வெறுமையாக இருந்தது. துரை முதுகை எழுதவில்லை. இதையெல்லாம் அவள் ஒரு வேடிக்கையாகத்தான் எடுத்துக்கொண்டாள், புன்னைமரத்தடிக்குப் போகும்வரை.

அங்கே அவளே உட்கார்ந்திருந்தாள், மடியில் ஒரு பிள்ளையோடு. பிள்ளைக்குக் கொழுகொழு என்று கை கால், சுருண்டு சுருண்டு மஞ்சள் மயிர், யாரும் கண்டிராத ஒரு சிவப்புப் பழம் கையில். ஆனால் மருதாயி பார்த்தது பிள்ளையை அல்ல, அதைக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்த தன் முகத்தை. அந்த முகம் அவளிடம் இருந்தது என்றே அவளுக்குத் தெரியாது. துரை எதிரே அவள் வெறுங்கையை மடித்து உட்கார்ந்திருந்தபோது அப்படி ஒரு பார்வை பார்த்தாளா, அல்லது அவராகப் போட்டதா என்று யோசித்து யோசித்து, உப்பளத்தில் உப்பை இழுக்கும் வாருகோலை வைத்துக்கொண்டு அப்படியே நின்றுவிடுவாள்.

வேலை முடிந்து தினமும் அங்கே போய் எதிரில் உட்காருவது வழக்கமாயிற்று. ஒருநாள் துணிந்து பிள்ளையை எடுத்தாள். மற்றவள் தடுக்கவில்லை, ஆனால் எடுத்த பிறகும் அவள் கைகள் பிள்ளை இருந்த வளைவிலேயே இருந்தன. பிள்ளை இலவம்பஞ்சு மாதிரி கனமில்லாமல் இருந்தது. சிரித்துக்கொண்டே இருந்தது. மருதாயி அதைத் தோளில் போட்டுக் கடற்கரையில் ஒரு நடை நடந்துவிட்டு, திரும்பக் கொண்டுவந்து அந்த வளைவில் வைத்தாள். அன்றைக்குக் காத்தமுத்துவிடம், "இந்தா, எனக்கு அது வேணும்" என்றாள்.

"அது படம், புள்ள."

"தெரியும். எனக்கு அது வேணும்."

இப்படி இருக்கும்போது கோட்டைத் தலைவர் ஒருநாள் பந்தலுக்கு வந்து, ஊருக்குப் போகிற கப்பலுக்காகக் காத்திருந்த படத்தைப் பார்த்தார். குளத்தங்கரைப் பக்கம் தங்கள் கொடிமரம் ஒன்று தெரிய வேண்டும் என்றார். அங்கே கொடிமரம் கிடையாது. ஆனாலும் துரை சரி என்று மழுங்கிய கத்தி ஒன்றை எடுத்து, குடத்துக்காரியைச் சுரண்டினார். அதே நேரத்தில் குளத்தில் தண்ணீர் எடுத்துக்கொண்டிருந்த பெண்கள் கண்ணெதிரே, அவள் பாதம் தொடங்கி மேலே மேலே இல்லாமல் போனாள். கடைசியில் குடம் மட்டும் கொஞ்ச நேரம் நின்று, அதுவும் போயிற்று. மறுநாள் அந்த இடத்தில் ஒரு கொடிமரம் இருந்தது. பெண்கள் அன்று யாரும் உரக்கப் பேசாமல் தண்ணீர் எடுத்துக்கொண்டு போனார்கள். பேசாதவள்தான், சாப்பிடாதவள்தான், ஆனாலும் ஒரு மழைக்காலம் கூடவே நின்றவள் அல்லவா.

மருதாயி அன்று முதல் தினமும் துபாசி வரதப்பனை வழிமறித்து, இன்று யாரைச் சுரண்டப்போகிறார்கள் என்று கேட்டாள். அவர் ஒருநாள் அவள் கேட்பதற்கு முன்பே நின்றுவிட்டார்.

"கோட்டைப் பாதிரியார் படத்தைப் பாத்துட்டாரும்மா. மடியில பிள்ளையோட உக்காந்திருக்கறது மாதாவும் பாலகனும் மாதிரி இருக்காம். அவங்க சபையில அப்படி எழுதறதே குத்தமாம். அதுலயும் உப்பளத்துப் பொம்பள மூஞ்சியை வச்சு எழுதினதுக்கு ஒரே சத்தம். கப்பல் நாளைக்கு மறுநாள் கிளம்புது. நாளைக்குச் சுரண்டிடுவாரு."

"எதுக்கு மாதா மாதிரி எழுதினாரு?"

"அவரைப் பழக்கினவங்க, பிள்ளையோட இருக்கற பொம்பளைன்னா அப்படித்தான் எழுதணும்னு பழக்கிட்டாங்களாம். வேற மாதிரி அவருக்கு வராதாம்."

மருதாயி அழவில்லை. நேரே அஞ்சம்மாள் வீட்டுக்குப் போய், "ஒரு முறம் தவிடு குடு" என்றாள்.

தவிடு என்றதும் அஞ்சம்மாளுக்கு விளங்கிவிட்டது. பிள்ளை தங்காத வீட்டில், பிறந்த பிள்ளையைக் குப்பைமேட்டில் கிடத்திவிடுவார்கள். வேறொருத்தி வந்து ஒரு முறம் தவிட்டைக் கொடுத்து அதை விலைக்கு வாங்கிக்கொள்வாள். பெற்றவள் தன் வாயால் எனக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டால் அப்புறம் அந்தப் பிள்ளையில் அவளுக்குப் பாத்தியதை கிடையாது. எமன் வந்து கேட்டாலும், இங்கே பிள்ளையே இல்லையே என்று கையை விரித்துவிடலாம். அந்த ஊரில் தவிடன் என்றும் குப்பன் என்றும் பேர் வைத்தவர்கள் எல்லோரும் இப்படி விலைபோய்ப் பிழைத்தவர்கள். மருதாயி பெற்ற இரண்டும் விற்பதற்கு நேரம் தராமல் போய்விட்டன.

"என் புருசனையே எங்க மாமியா ஒரு முறம் தவிட்டுக்குத்தான் வித்தா" என்றாள் அஞ்சம்மாள், அளந்துகொண்டே. "அந்த விலைக்கே அவரு அதிகம். ஆனா அண்ணி, அது மனுசப் பிள்ளை. இது படத்துப் பிள்ளை. தவிட்டுக்குக் கட்டுப்படுமா?"

"போய்ப் பாத்தாத்தானே தெரியும்."

மறுநாள் காலை மருதாயி முறத்தோடு பந்தலுக்குப் போனாள். பின்னாலேயே காத்தமுத்துவும் அஞ்சம்மாளும், வேலைக்குப் போகாமல் பாதி ஊரும் போயிற்று. துரை கத்தியைத் துணியில் துடைத்துக்கொண்டிருந்தார். வரதப்பன் வழக்கத்தையெல்லாம் எடுத்துச் சொல்லச் சொல்ல, துரை முதலில் சிரித்தார், பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுப் படத்தைக் காட்டி என்னவோ சொன்னார்.

"அந்தப் பிள்ளை அவருதில்லையாம்மா" என்றார் வரதப்பன். "அவரு குருவோட படத்தைப் பாத்து எழுதினதாம். குரு அவரு குருவோடதைப் பாத்து எழுதினாராம். முதல்ல யாரு பெத்த பிள்ளைன்னே தெரியாதாம். இல்லாத பாத்தியதையை எப்படி விக்கிறதுங்கறாரு."

கூட்டம் மருதாயியைப் பார்த்தது. அவள் முறத்தைக் கீழே வைக்கவில்லை.

"அந்தப் பிள்ளைக்கு இந்த ஊர்ல கண்ணைத் திறந்துவிட்ட கை யாரோடதுன்னு கேளுங்க."

துரை தன் கையைக் காட்டினார்.

"அதைத் தூக்கி வச்சிருக்கறவ மூஞ்சி யாரோடது?"

துரை அவளைக் காட்டினார்.

"அப்ப பாதி அவருது, பாதி என்னுது. என் மூஞ்சியை நாலு இடத்துல வச்சாரு, நான் ஒண்ணும் கேக்கல. என் பாதியை யாருக்கும் விக்கறதா இல்ல. அவரு பாதியை மட்டும் குடுத்துட்டுப் போகச் சொல்லுங்க."

வரதப்பன் இதைச் சொன்னபோது துரை கத்தியைக் கீழே வைத்தார். இத்தனை மாதத்தில் மருதாயியின் முகத்தை வெளிச்சம் விழும் இடம், நிழல் விழும் இடம் என்று பார்த்தவர், இப்போது ஒருவர் மற்றொருவரைப் பார்ப்பதுபோலப் பார்த்தார். இரண்டு கையையும் நீட்டி முறத்தை வாங்கிக்கொண்டார். வரதப்பன் சொல்லிக்கொடுக்க, தமிழில் தடுமாறித் தடுமாறி, "எனக்கு வேண்டாம். நீயே வச்சுக்கோ" என்றார். வாங்கின தவிட்டைப் பசுவுக்கு வைப்பது முறை. அது தெரியாமல் அவர் முறத்தைச் சட்டத்துக்குப் பக்கத்திலேயே வைக்க, கடல் காற்று கொஞ்சத்தை வாரிக்கொண்டு போய், அன்று காலையில் மறுபடி பூசி ஈரமாக இருந்த படத்து வானத்தில் ஒட்டியது. அதைத் தட்டிவிடப் போன துரை, தூரத்துப் பறவைகள் மாதிரி இருக்கிறது என்று விட்டுவிட்டார்.

பிறகு மருதாயியிடம், போய்ப் புன்னைமரத்தடியில் இருக்கிறவள் பக்கத்தில் உட்காரச் சொன்னார். தான் மெதுவாகத்தான் சுரண்டுவேன் என்றார். சுரண்டாமல் விட முடியாது என்றும் சொன்னார்.

மருதாயி புன்னைமரத்தடியில் அந்தக் கல்தூணுக்கு முன்னால் மண்ணில் உட்கார்ந்து, முந்தானையை விரித்துப் பிடித்தாள். ஊர் சுற்றி நின்றது. நீலத்துணியின் கீழ்க்கரை முதலில் மங்கியது. கால் போயிற்று, முழங்கால் போயிற்று. மடி போகும்போது மருதாயி நிமிர்ந்து பார்த்தாள். எப்போதும் பிள்ளையையே குனிந்து பார்த்துக்கொண்டிருந்தவள், அன்றைக்கு முதல் தடவையாகக் கண்ணை எடுத்து மருதாயியைப் பார்த்தாள். ஒரே முகம் இரண்டும் ஒன்றை ஒன்று கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டன. அப்புறம் அந்த முகம் இல்லை. வளைந்த கைகள் மட்டும் பிள்ளையைத் தாங்கிக்கொண்டு நின்றன, அவையும் போயின. பிள்ளை காற்றில் தனியாக இருந்தது, சிரித்துக்கொண்டு.

அதன் கால்விரல்கள் மங்கத் தொடங்கின.

"தவிட்டுக்கு வாங்கின பிள்ளை!" என்று மருதாயி கத்தினாள். "இங்க எவனுக்கும் பாத்தியதை கெடையாது! தவிட்டுக்கு வாங்கின பிள்ளை!"

"தவிட்டுக்கு வாங்கின பிள்ளை!" என்று அஞ்சம்மாள் கத்தினாள். காத்தமுத்து கத்தினான். தவிட்டுக்கு விலைபோன தவிடனும் குப்பனும், என்ன ஏது என்று தெரியாமல் ஓடிவந்தவர்களும், நாட்டாமையும்கூடக் கத்தினார்கள். துபாசி வரதப்பன் பந்தலிலிருந்து மேல்துண்டு நழுவ ஓடிவந்து தானும் கத்தினார்.

விரல்கள் திரும்பி வந்தன. பஞ்சு மாதிரி நின்றிருந்தது ஒரு கல் மாதிரி கீழே வந்தது. முந்தானை கிழிந்துபோகிற அளவுக்கு அப்படி ஒரு கனம். மருதாயி முன்னால் சாய்ந்து, முழங்கையை மண்ணில் ஊன்றி அதைத் தாங்கினாள். பந்தலில் துரை அந்த இடத்தை நூல் தெரியச் சுரண்டிவிட்டு, அங்கே ஒரு பாறையை எழுதிக்கொண்டிருந்தார். இங்கே பிள்ளையின் சிரிப்பு நின்றது. முகம் சிவந்தது, உதடு கோணியது. தன்னை எழுதியவர், அவர் குரு, அவருக்கும் குரு என்று எத்தனையோ பேர் கையில் இருந்தபோதெல்லாம் அடக்கிவைத்த பசியைச் சேர்த்து வைத்து, அது வீரிட்டது.

மருதாயி பயந்துபோனாள். இனி இது பசிக்கும், காய்ச்சலில் கிடக்கும், விழும், எழும், மற்ற இரண்டையும் போல ஒருநாள் போனாலும் போகும் என்பது அவளுக்கு அந்த ஒரு சத்தத்தில் விளங்கிவிட்டது. அவள் பிள்ளையை இன்னும் இறுக்கினாள். அது இன்னும் வீரிட்டது.

"என்ன அண்ணி, திமிங்கிலத்தைப் பாக்குற மாதிரி பாத்துக்கிட்டு இருக்க?" என்று அஞ்சம்மாள் தன் பிள்ளையைக் காத்தமுத்துவின் கையில் திணித்துவிட்டு, அங்கேயே மண்ணில் உட்கார்ந்தாள். "குடு இப்படி. இறக்குமதிச் சரக்கு, எப்படிக் குடிக்குதுன்னு பாப்போம்."

அது எல்லாப் பிள்ளையும் குடிக்கிற மாதிரிதான் குடித்தது.

வயிறு நிறைந்து திரும்பி வந்த பிள்ளை மருதாயியின் மடியில் தூங்கிப்போயிற்று. கூட்டம் கலைந்து உப்பளத்துக்குப் போயிற்று. வெயில் ஏறிக்கொண்டிருந்தது. சற்றுப் பொறுத்து, மடியில் இளஞ்சூடாக என்னவோ பரவுவது தெரிந்து மருதாயி குனிந்து பார்த்தாள். புடவை நனைந்து, தொடை வழியாக மண்ணில் ஒழுகிக்கொண்டிருந்தது.

"எழுந்திரு புள்ள, துணியை மாத்து" என்றான் காத்தமுத்து.

"இருங்க" என்றாள் மருதாயி. "காயட்டும்."